முழங்கால் ஜவ்வு கிழிந்தால்

"ஜவ்வு கிழிந்துவிட்டது" என்ற சொல் இன்று ஊர்ப்புறங்களில் சாதாரணமாக அடிபடுகிறது. கபடி ஆடச் சென்ற பையனும், மழை நாளில் வரப்பில் வழுக்கிய விவசாயியும், மோட்டார் சைக்கிளிலிருந்து விழுந்த நெசவாளியும் ஆஸ்பத்திரியிலிருந்து இதே சொல்லுடன் வீடு திரும்புகின்றனர். ஆபரேஷன் செய்துகொள்வதா, வேண்டாமா என்பதே அடுத்து எழும் கேள்வி. உடனே செய்துகொள்ள வேண்டும் என்பார் ஒருவர். செய்துகொண்டும் நொண்டி நடக்கும் பக்கத்துத் தெருக்காரரைச் சுட்டிக்காட்டி, வேண்டவே வேண்டாம் என்பார் மற்றொருவர். இரண்டு பேச்சும் ஆதாரமில்லாதவை அல்ல. எந்த முழங்காலுக்கு எது பொருந்தும் என்று பிரித்தறிவதில்தான் காரியம் இருக்கிறது. பல மாத உழைப்பும் வருமானமும் இதைப் பொறுத்திருப்பதால், அங்கத்தினர்கள் இதனைச் சற்று விரிவாகவே அறிந்திருப்பது நலம்.

முதலில் சொல்லையே தெளிவுபடுத்திக்கொள்வோம். ஜவ்வு என்று நாம் வழங்குவது மூட்டினுள் இருக்கும் இரு வேறு பொருள்களைக் குறிக்கிறது. ஒன்று, எலும்பையும் எலும்பையும் கயிறுபோல் பிணைத்து நிற்கும் நார். டாக்டர்கள் இதனை லிகமென்ட் என்பர். நாம் பிணைநார் எனலாம். மற்றொன்று, இரு எலும்புகளுக்கும் நடுவே மெத்தைபோல் அமைந்த பிறை வடிவக் குருத்தெலும்பு. இதன் பெயர் மெனிஸ்கஸ். இரண்டிற்கும் சிகிச்சை வேறு. குணமாகும் காலமும் வேறு. ஆகவே "ஜவ்வு" என்று டாக்டர் சொன்ன மாத்திரத்தில் தலையசைத்து வந்துவிடாமல், எந்த ஜவ்வு என்று கேட்டறிய வேண்டும். பக்கத்துத் தெருக்காரருக்குக் கிழிந்தது குருத்தெலும்பாகவும் நமக்குக் கிழிந்தது பிணைநாராகவும் இருக்கலாம். அவருடைய அனுபவத்தை நம் காலுக்கு அளவுகோலாகக் கொள்வது அப்போது பொருந்தாது.

முழங்காலில் முக்கியமான பிணைநார்கள் நான்கு. இரண்டு பக்கவாட்டில் நிற்கின்றன. மற்ற இரண்டும் மூட்டின் உட்புறத்தில், பெருக்கல் குறியைப்போல் ஒன்றையொன்று குறுக்கிட்டுச் செல்கின்றன. இவற்றுள் முன்னதாகிய முன் குறுக்கு நாரே பெரும் தொல்லை தருவது. நீளம் ஏறக்குறைய மூன்று சென்டிமீட்டர். பருமனில் சுண்டுவிரலுக்கும் குறைவு. எனினும் இளம் வயதினர் உடலில் அது ஏறத்தாழ 200 கிலோகிராம் எடையின் இழுப்பைத் தாங்க வல்லது. கீழ்க்கால் எலும்பு முன்னோக்கி நழுவாமலும், தொடை எலும்பின் கீழ் திருகிக்கொள்ளாமலும் தடுப்பது அதன் வேலை.

இந்த நார் பெரும்பாலும் அடிபட்டுக் கிழிவதில்லை. பாதம் தரையில் ஊன்றி நிற்கையில் உடல் மட்டும் சட்டெனத் திரும்பினால், அந்தத் திருகலிலேயே அது அறுந்துவிடுகிறது. கபடியில் பாடிச் செல்பவன் தப்புவதற்காகத் திரும்புவதும், சேற்றில் புதைந்த பாதத்தை எடுக்காமலே உடலைத் திருப்புவதும் ஒரே வகையான இயக்கங்களே. திரும்பியும் குதித்தும் ஆடும் விளையாட்டுகளில் ஆண்களைவிடப் பெண்களுக்கு இக்காயம் இருமடங்கிற்கும் மேலாக நேர்கிறது. பெண் குழந்தைகள் பள்ளிகளில் கால்பந்தும் கபடியும் ஆடும் இந்நாளில் இதனைப் பெற்றோர் மனத்தில் கொள்ள வேண்டும்.

முதல் நாளும் மூன்றாம் வாரமும்

நார் அறுந்த கணத்தில் "டப்" என்று ஓர் ஓசை கேட்டதாகப் பலர் சொல்வர். சில மணி நேரத்திற்குள் மூட்டு வீங்கிவிடும். அறுந்த நாரிலிருந்து இரத்தம் கசிந்து மூட்டினுள் நிறைவதே அவ்வீக்கம். அன்று செய்யத்தக்கவை எளியவை. காலை நீட்டி உயர்த்தி வைத்தல், பனிக்கட்டியைத் துணியில் சுற்றி அவ்வப்போது ஒற்றுதல், இழுபடும் கட்டுத்துணியால் அளவாகச் சுற்றுதல் ஆகிய இவை போதும். எண்ணெய் தேய்த்து இழுத்து நீவுவதும், மூங்கில் பத்தை வைத்து இறுகக் கட்டுவதும் அன்று கூடாது. இரத்தம் கசியும் மூட்டை நீவினால் கசிவு மிகும். இறுகக் கட்டினால் இரத்த ஓட்டம் தடைப்படும். நம் ஊர்க் கட்டு வைத்தியர்களிடம் கைத்திறம் மிக்கவர் உண்டு. ஆயினும் எலும்பு முறிவுக்குப் போடும் கட்டினால் இந்த நார் ஒட்டிக்கொள்ளும் என்று எதிர்பார்ப்பதற்கில்லை.

இரண்டு நிலைமைகளில் காலம் தாழ்த்தலாகாது. மூட்டு உருக்குலைந்து, பாதம் சில்லிட்டு வெளுத்தோ மரத்தோ போனால், பிணைநார்கள் பல ஒருங்கே அறுந்து இரத்தக் குழாயும் சேதமடைந்திருக்கலாம். அப்போது ஒவ்வொரு மணி நேரமும் முக்கியம். காலையே இழக்க நேரும் அபாயம் அது. அடுத்தது, கால் பாதி மடங்கிய நிலையில் பூட்டிக்கொண்டு நீட்டவே வராமற்போவது. கிழிந்த குருத்தெலும்பு இடையில் சிக்கிக்கொண்டதன் அடையாளம் இது. சில நாட்களுக்குள் தக்க நிபுணரிடம் காட்ட வேண்டும்.

இவை இல்லாத சாதாரண நிலையில் நடப்பது வேறு; ஏமாற்றம் அங்கேதான் பிறக்கிறது. இரண்டு மூன்று வாரங்களில் வீக்கம் வடிகிறது, வலி தணிகிறது, நடக்க முடிகிறது. குணமாகிவிட்டது என்று எண்ணி வேலைக்குத் திரும்புகிறோம். பிறகு ஒரு நாள் படியிறங்கும்போதோ, சுமையுடன் திரும்பும்போதோ, முழங்கால் தன்னிடத்திலிருந்து நழுவி, உடலைத் தாங்காமல் விட்டுவிடுகிறது. சில மாதம் கழித்து மறுபடியும் அவ்வாறே நிகழ்கிறது. வலியைக் காட்டிலும் இந்த நழுவலே பெருங்கேடு. நழுவும் ஒவ்வொரு முறையும் இரு எலும்புகளுக்கும் இடையே குருத்தெலும்பு நசுங்குகிறது. மெத்தை கிழிந்தபின் எலும்பின் வழவழப்பான மேற்பூச்சும் தேய்கிறது. நாரை மாற்றி வைக்க வழியுண்டு. தேய்ந்த பூச்சை முன்போல் ஆக்கித் தர எந்த ரண சிகிச்சையாலும் இயலாது.

நார் அறுந்ததை எக்ஸ்ரே படம் காட்டாது. எலும்பு முறிந்ததா என்பதை அறியவே அது எடுக்கப்படுகிறது. தேர்ந்த டாக்டர் தம் கைகளாலேயே பெரும்பாலும் கண்டுபிடித்துவிடுவார். முழங்காலைச் சிறிதளவு மடக்கி, தொடையை ஒரு கையால் பிடித்து, கீழ்க்காலை மற்றொரு கையால் முன்னோக்கி இழுத்துப் பார்ப்பார். சட்டென நிற்காமல் நெகிழ்ந்து வந்தால் நார் இல்லை என்பது பொருள். அமெரிக்காவில் பிலடெல்பியா நகரின் டெம்பிள் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜான் லாக்மன் என்பவரின் பெயரால் இச்சோதனை வழங்குகிறது. 1976-இல் இது ஆய்வுக் கட்டுரை ஒன்றில் விளக்கப்பட்டது. குருத்தெலும்பின் நிலையையும் சேர்த்து அறிய எம்.ஆர்.ஐ. படம் உதவுகிறது.

அறுந்த நூலை முடிவதுபோல் ஏன் முடிய முடியவில்லை?

பாவில் ஓர் இழை அறுந்தால் முடிந்துவிட்டு மேலே நெய்கிறோம். அறுந்த நாரையும் அவ்வாறே தைத்துவிட்டால் என்ன என்ற எண்ணம் டாக்டர்களுக்கும் வெகு காலத்திற்கு முன்பே தோன்றியது. இங்கிலாந்தில் லீட்ஸ் நகரத்து ரண சிகிச்சை நிபுணர் மேயோ ராப்ஸன் 1895-இல் ஒரு சுரங்கத் தொழிலாளியின் முழங்காலைத் திறந்தார். 41 வயதான அம்மனிதர் மண் சரிவில் சிக்கி, குறுக்கு நார்கள் இரண்டும் அறுந்து, பல மாதங்களாக நடக்கத் தடுமாறிக்கொண்டிருந்தவர். விலங்கின் குடலிலிருந்து செய்த நூலால் இரண்டையும் தைத்தார் ராப்ஸன். ஆறாண்டுகளுக்குப் பின் பார்த்தபோது அத்தொழிலாளி நொண்டாமல் நடந்து, முழு நேரமும் வேலை செய்துகொண்டிருந்தார். இம்மருத்துவத்தின் சரித்திரம் விளையாட்டு வீரர் எவருடனும் தொடங்கவில்லை. வயிற்றுப் பிழைப்புக்கு இரு கால்களையும் நம்பியிருந்த ஓர் உழைப்பாளியுடன் தொடங்கியிருக்கிறது என்பது நம்மவர் மனத்திற்கு நிறைவளிக்கும் செய்தியாகும்.

ஆனால் அந்த நல்விளைவு எல்லோருக்கும் கிட்டவில்லை. அமெரிக்காவின் வெஸ்ட் பாயின்ட் ராணுவக் கல்லூரி மாணவர்களுக்கு நாரைத் தைத்துவிட்டு, ஐந்தாண்டு கழித்து அவர்களைப் பார்வையிட்ட இரு டாக்டர்கள் 1976-இல் வெளியிட்ட அறிக்கை இவ்விஷயத்தில் ஒரு திருப்பமாக அமைந்தது. தொடக்கத்தில் நன்றாயிருந்த முழங்கால்கள் பலவும் நாளடைவில் மீண்டும் தளர்ந்திருந்தன. காரணம் மூட்டின் அமைப்பிலேயே உள்ளது. வெளிக்காயத்தில் இரத்தம் உறைந்து, அந்த உறைவே இரு விளிம்புகளுக்கும் பாலமாகிப் புதுத் தசை வளர இடந்தருகிறது. குறுக்கு நாரோ மூட்டு நீரில் நனைந்தபடி இருப்பது. அங்கே உறைவு நிலைப்பதில்லை. பாலம் இல்லாதபோது இரு முனைகளும் சுருங்கி விலகிப்போகின்றன.

அறுந்ததை ஒட்டவைப்பதைவிட அதனிடத்தில் வேறொரு நாரைப் பொருத்துவதே வழி என்ற கருத்து இதற்கு முன்பே வளர்ந்து வந்தது. இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகரத்து ஹே குரோவ்ஸ் 1917-இல், தொடையின் வெளிப்புறத்து உறையிலிருந்து ஒரு பட்டையை எடுத்து, எலும்புகளில் துளையிட்டு அதன் வழியே செலுத்தி இறுக்கினார். இன்று உலகெங்கும் செய்யப்படும் சிகிச்சையின் அடிப்படை இதுவே. மூட்டைப் பிளக்காமல், பென்சில் பருமனுள்ள குழலைச் சிறு துவாரத்தின் வழியே உட்செலுத்திப் பார்க்கும் முறை ஜப்பானில் பிறந்தது. டாக்டர் தகாகி 1918-இல் டோக்கியோவில் இறந்த ஒருவரின் முழங்காலில் இம்முயற்சியைத் தொடங்கினார். அவர் மாணவர் வாதனாபே 1950-களில் அக்கருவியைப் பயன்படத்தக்கதாக ஆக்கினார். நார் மாற்றும் சிகிச்சையை முதன்முதலில் 1980-இல் குழல் வழியே செய்தவர் இங்கிலாந்தின் டேவிட் டான்டி.

நெசவாளர்களுக்குச் சுவையான ஒரு கதையும் இதில் உண்டு. 1980-களில், உடம்பிலிருந்து நாரை எடுப்பானேன், செயற்கை இழையில் கயிறு திரித்துப் பொருத்திவிடலாமே என்று பலர் முயன்றனர். கரி இழை, டெரிலின் இனத்தைச் சேர்ந்த டாக்ரான், கோர்டெக்ஸ் என்பவை முழங்காலுக்குள் புகுந்தன. பொருத்திய அன்று உறுதியாயிருந்த அக்கயிறுகள், எலும்புத் துளையின் விளிம்பில் ஒவ்வோர் அடிக்கும் உராய்ந்து, பிசிறெடுத்து, நாளடைவில் அறுந்தன. உதிர்ந்த துகள்கள் மூட்டில் வீக்கத்தை உண்டாக்கின. அச்சின் பல்லில் சொரசொரப்பிருந்தால் பாவின் கதி என்னவாகும் என்பதை நாம் அந்த டாக்டர்களுக்குச் சொல்லியிருக்கலாம். உடம்பின் சொந்த நாரிலோ உயிரணுக்கள் குடியேறி அதைப் புதுப்பிக்கின்றன. செயற்கை இழைகளில் பெரும்பாலானவை கைவிடப்பட்டமைக்குக் காரணம் அதுவே.

யாருக்கு ரண சிகிச்சை?

நார் அறுந்த அனைவருக்கும் ஆபரேஷன் அவசியம் என்ற கொள்கை நெடுநாள் வழங்கிவந்தது. அதனைச் சோதித்துப் பார்த்தவர்கள் ஸ்வீடன் நாட்டினர். 18 முதல் 35 வயது வரையுள்ள, புதிதாகக் காயமுற்ற, சுறுசுறுப்பான 121 பேரைச் சீட்டுக் குலுக்குவதுபோல் இரு பிரிவாக்கினர். தொழில்முறை விளையாட்டு வீரர்கள் இதில் சேர்க்கப்படவில்லை. 62 பேருக்கு விரைவில் ஆபரேஷனும் தொடர்ந்து பயிற்சியும். 59 பேருக்குப் பயிற்சி மட்டும், பின்னர் முழங்கால் நழுவினால் அப்போது ஆபரேஷன் என்பது ஏற்பாடு. 2010-இல் வெளிவந்த முடிவின்படி, இரண்டாண்டு கழித்து இரு பிரிவினரின் வலியிலும் நடமாட்டத்திலும் குறிப்பிடத்தக்க வேறுபாடு இல்லை. பயிற்சிப் பிரிவின் 59 பேரில் அதற்குள் ஆபரேஷனை நாடியவர்கள் 23 பேர். ஐந்தாண்டு முடிவில் 30 பேர். அதாவது, ஏறக்குறைய பாதிப்பேர் கத்திபடாமலே காலம் தள்ளினர். காத்திருந்து பின்னர் செய்துகொண்டவர்களும் மொத்தத்தில் பின்தங்கிவிடவில்லை.

இத்துடன் நிறுத்திக்கொண்டால் பாதி உண்மையே கிட்டும். 2022-இல் பிரிட்டனிலிருந்து மற்றோர் ஆராய்ச்சி வெளிவந்தது. அங்குள்ள அரசாங்க மருத்துவச் சேவையின் 29 ஆஸ்பத்திரிப் பிரிவுகளில், காயம் பழையதாகி, முழங்கால் இன்னமும் நழுவிக்கொண்டிருந்த 316 பேரைச் சோதித்தனர். பதினெட்டு மாதம் கழித்துப் பார்த்தபோது, ஆபரேஷன் என்று ஒதுக்கப்பட்ட பிரிவினரே தெளிவாக நல்ல நிலையில் இருந்தனர். பயிற்சி என்று ஒதுக்கப்பட்டவர்களில் நூற்றுக்கு 41 பேர் பிறகு ஆபரேஷனை வேண்டிப் பெற்றனர்.

இவ்விரண்டும் ஒன்றுக்கொன்று முரண் என்று தோன்றலாம். உண்மையில் அவை இரு வேறு கேள்விகளுக்கான விடைகள். காயம் புதிதாயின், குருத்தெலும்பு பெரிதும் கெடாதிருந்தால், மூன்று மாத காலமேனும் முறையான பயிற்சியைச் செய்து பார்ப்பதில் நட்டமில்லை. பயிற்சிக்குப் பின்னும் கால் நழுவுகிறது, அல்லது காயம் பழையதாகியும் நழுவல் நிற்கவில்லை என்றால், மேலும் காத்திருப்பது குருத்தெலும்பைப் பணயம் வைப்பதாகும். வலி இல்லையே என்ற காரணத்தால் தள்ளிப்போடுவோரே நம்மிடையே அதிகம். நம் கணக்கு வலியைக் கொண்டு அமையாமல், ஆறு மாதத்தில் முழங்கால் எத்தனை முறை நழுவியது என்பதைக் கொண்டு அமைய வேண்டும்.

தொழிலையும் இங்கே எண்ணிப் பார்க்க வேண்டும். குழித்தறியில் அமர்ந்து மிதியை மிதிப்பவரின் கால் பெரும்பாலும் நேராகவே அமுக்குகிறது; திருகுவதில்லை. அவர் கவனிக்க வேண்டியது குழிக்குள் இறங்குவதையும் ஏறுவதையுமே. நடுத்தர வயதுடைய அத்தகைய நெசவாளி ஒருவர், தொடைத் தசையை நன்கு வலுப்படுத்திக்கொண்டால், ஆபரேஷன் இன்றியே தறியில் நீடிக்க வாய்ப்பு மிகுதி. சேற்றில் புதையும் கால்களோடு நாற்றுக் கட்டைச் சுமந்து திரும்புபவருக்கும், தென்னை ஏறுபவருக்கும், மூட்டை தூக்குபவருக்கும் நார் இல்லாக் குறை ஒவ்வொரு நாளும் தெரியும். கபடி ஆடும் இளைஞனின் நிலையும் அதுவே. வயது மட்டும் எவருக்கும் தடையன்று.

ஆபரேஷன் செய்துகொண்டால் பிற்காலத்தில் மூட்டுத் தேய்மானம் வராது என்று சொல்லக் கேட்டால் அதை அப்படியே நம்ப வேண்டியதில்லை. அது இன்னும் நிரூபிக்கப்படவில்லை. நழுவலை நிறுத்துவதும் அதன்மூலம் குருத்தெலும்பைக் காப்பதுமே அச்சிகிச்சையின் உறுதியான பயன்.

எந்த நாரை எடுப்பது?

மாற்று நார் பெரும்பாலும் நம் உடம்பிலிருந்தே எடுக்கப்படுகிறது. எங்கிருந்து எடுப்பது என்பதை நிபுணர் தீர்மானிப்பார் என்றாலும், தரையில் அமர்ந்து வாழும் நமக்கு அதில் அக்கறை இருக்க வேண்டும். முழங்கால் சிப்பிக்குக் கீழுள்ள தடித்த நாரின் நடுப்பகுதியை, இரு முனைகளிலும் எலும்புத் துண்டுடன் எடுப்பது ஒரு முறை. எலும்போடு எலும்பு ஒட்டுவதால் பிடிப்பு விரைவில் உறுதிப்படும். ஆனால் மண்டியிடும்போது முன்புறம் வலிக்கும் குறை இதில் அதிகம். தொழுகையிலோ ஜெபத்திலோ மண்டியிடுபவரும், முழங்கால் ஊன்றிக் களையெடுப்பவரும் இதை டாக்டரிடம் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும்.

தொடையின் பின்புறத்திலிருந்து முழங்காலின் உட்புறத்திற்கு இறங்கும் மெல்லிய நார்கள் இரண்டை எடுத்து, மடித்து, நான்கு புரியாக்கிப் பொருத்துவது மற்றொரு முறை. நம் நாட்டில் இதுவே பெருவழக்கு. புரி கூடக் கூட வலிமை கூடும் என்பதை நாம் விளக்க வேண்டியதில்லை. இதில் மண்டியிடும் வலி குறைவு. காலை முழுவதும் மடக்கி இழுக்கும் பலம் சற்றே குன்றும். கீறலுக்கு அருகில் தோல் மரத்துப்போவதும் உண்டு, அது தொந்தரவன்று. தொடையின் முன்புறத்துத் தடித்த நாரையோ, கணுக்காலின் வெளிப்புறத்து நாரையோ எடுக்கும் வழக்கமும் பரவி வருகிறது. இறந்தோர் தானமளித்த நாரைப் பொருத்துவதும் உண்டு. இளைஞர்களுக்கு அது சொந்த நாரைக் காட்டிலும் எளிதில் மீண்டும் அறுகிறது.

சிகிச்சையே ஒன்று அல்லது இரண்டு மணி நேரத்தில் முடிகிறது. முதுகுத் தண்டில் ஊசி போட்டு இடுப்புக்குக் கீழே மரத்துப்போகச் செய்வர். கீழ்க்கால் எலும்பிலும் தொடை எலும்பிலும் துளையிட்டு, நாரை அவற்றின் வழியே செலுத்தி, திருகாணியாலோ சிறு பொத்தான் போன்ற கருவியாலோ பிடிக்கச் செய்வர். ஓரிரு நாளில் வீடு திரும்பலாம். சீழ் பிடித்தல், காலில் இரத்தக் கட்டி உண்டாதல், மூட்டு விறைத்துப்போதல் ஆகிய அபாயங்கள் உண்டு. சீழ் பிடிப்பது நூற்றில் ஒருவருக்கும் குறைவே. சர்க்கரை நோயும் பீடி, சிகரெட் பழக்கமும் உடையோர் முன்னதாகவே டாக்டரிடம் சொல்லிவிட வேண்டும். வீக்கம் வடிந்து, கால் முழுவதும் நீளும் நிலை வரும் முன்பே அவசரமாகச் செய்தால் விறைப்பு மிகும். "இரண்டு மாதம் பயிற்சி செய்துவிட்டு வா" என்று டாக்டர் திருப்பி அனுப்பினால் அதை அலட்சியம் என்று கொள்ளலாகாது.

பிறகு வரும் மாதங்கள்

டாக்டரின் வேலை இரண்டு மணி நேரத்தில் முடிகிறது. நம்முடைய வேலை ஒன்பது மாதம் நடக்கிறது. ஆபரேஷன் செய்துகொண்டும் நொண்டுபவர்களில் பலர் இந்த இரண்டாவது பகுதியைக் கைவிட்டவர்களே.

முதல் இரு வாரங்களில் கவனம் முழுவதும் காலை நேராக நீட்டுவதில் இருக்க வேண்டும். குதிகாலுக்குக் கீழே துண்டைச் சுருட்டி வைத்து, முழங்கால் தானாகத் தாழ்ந்து நீளும்படி விட வேண்டும். வீட்டிலுள்ளோர் அன்பினால் முழங்காலுக்கு அடியில் தலையணை வைப்பர். அப்போதைக்குச் சுகமாக இருக்கும். ஆனால் மடங்கிய நிலையிலேயே மூட்டு விறைத்துவிடும். அந்தத் தலையணையை எடுத்துவிட வேண்டும். கூடவே தொடைத் தசையை இறுக்கி, காலை நேராக உயர்த்திப் பழக வேண்டும். காயமுற்ற சில நாட்களிலேயே அத்தசை வியக்கத்தக்க விரைவில் மெலிந்துபோகிறது. மீண்டும் வளர மாதங்கள் பிடிக்கின்றன. ஊன்றுகோல் சாதாரணமாக இரண்டு முதல் நான்கு வாரத்தில் விடப்படுகிறது. குருத்தெலும்பையும் தைத்திருந்தால் மேலும் சில வாரம் ஆகும். அதன்பின் நிறுத்தி வைத்த சைக்கிளை மிதித்தல், சுவரில் சாய்ந்து அரைவாசி அமர்ந்து எழுதல், படியேறுதல், ஒற்றைக் காலில் நிற்றல் என்று படிப்படியாக வளரும்.

மூன்றாம் மாதத்தில் ஒரு பொறி இருக்கிறது. பொருத்திய நார் தொடக்கத்தில் இரத்த ஓட்டமற்றது. உடம்பு அதை மெல்லக் கரைத்து, புது இரத்தக் குழாய்களை அனுப்பி, மீண்டும் பின்னுகிறது. இந்த மாற்றத்தின் நடுவே, ஏறக்குறைய ஆறாவது வாரம் முதல் பன்னிரண்டாவது வாரம் வரை, அது பொருத்திய அன்றைவிட வலிமை குன்றியிருக்கும். ஆனால் அதே சமயத்தில் வீக்கமும் வலியும் போய், நடை சீராகி, "எல்லாம் சரியாகிவிட்டது" என்ற எண்ணம் நமக்கு உண்டாகிறது. கால் நன்றாகத் தோன்றும் நாளும் நார் நலிந்திருக்கும் நாளும் ஒன்றாக வந்து வாய்ப்பதே விபரீதம். நடவு வந்துவிட்டது, பண்டிகை உருப்படிகளை முடித்தாக வேண்டும் என்று அந்நாளில் வரப்பில் இறங்குபவரும் ஓடுபவரும் நாரை நெகிழவிட்டுக்கொள்கின்றனர்.

அமர்ந்து செய்யும் வேலைக்குச் சில வாரங்களிலும், சுமையும் சேறும் கொண்ட வேலைக்கு ஐந்தாறு மாதத்திலும் திரும்புவது பொதுவான அளவு. குத்துக்காலிட்டு முழுவதும் அமர்வதற்கு அவசரப்படாமல் டாக்டர் அனுமதித்தபின் பழக வேண்டும். விளையாட்டுக்கு ஒன்பது மாதத்திற்கு முன் திரும்பலாகாது. நார்வே நாட்டில் விளையாட்டு வீரர்களைத் தொடர்ந்து கவனித்து 2016-இல் வெளியிட்ட ஆராய்ச்சியில், ஒன்பதாம் மாதம் வரை ஒவ்வொரு மாதம் பொறுத்திருந்ததற்கும் மறு காயம் ஏறக்குறைய பாதியாகக் குறைந்தது. காலண்டர் மட்டும் போதாது. நோயுற்ற காலின் வலு மற்றக் காலின் வலுவில் பத்தில் ஒன்பது பங்கையாவது எட்ட வேண்டும். 25 வயதிற்குட்பட்டு விளையாட்டுக்குத் திரும்பும் இளைஞர்களில் ஐவரில் ஒருவருக்கு மேல் அதே முழங்காலிலோ மற்ற முழங்காலிலோ மீண்டும் நார் அறுகிறது. பொறுத்தவர்களுக்குப் பலன் இல்லாமற் போகவில்லை. 2016-இல் ரியோ ஒலிம்பிக் மல்யுத்தத்தில் முழங்கால் முறுக்குண்டு, தூக்குக் கட்டிலில் வெளியே கொண்டுவரப்பட்ட வினேஷ் போகாட், 2018-இல் ஜகார்த்தாவில் நடந்த ஆசிய விளையாட்டில் தங்கப் பதக்கம் பெற்றார்.

ஆபரேஷன் வேண்டாம் என்று தீர்மானித்தவர்க்கும் இந்தப் பயிற்சிகள் அனைத்தும் உண்டு. தொடையின் முன்தசையும் பின்தசையும் வலுத்தால், இல்லாத நாரின் வேலையில் ஒரு பகுதியை அவை ஏற்றுக்கொள்கின்றன. ஆபரேஷன் செய்துகொள்ளாததால் பயிற்சியும் தேவையில்லை என்பது நம்மிடையே காணும் பெருந்தவறு.

அறுந்த நாரையே ஒட்டவைக்கும் பழைய ஆசையும் மறைந்துவிடவில்லை. பாஸ்டன் நகரத்தில் டாக்டர் மார்த்தா முர்ரே, இரு முனைகளுக்கும் இடையே பஞ்சு போன்ற ஒரு பொருளை வைத்து, நோயாளியின் இரத்தத்தையே அதில் ஊறவிட்டு, உறைவு நிலைக்க வழி செய்தார். 2020-இல் அமெரிக்க அரசாங்கம் அதற்கு அனுமதி வழங்கியது. ஆஸ்திரேலியாவில் 80 பேருக்கு முழங்காலை நான்கு வாரம் செங்கோணத்தில் மடக்கிக் கட்டிவைத்து, பின்னர் படிப்படியாக நீட்டியதில், மூன்றாம் மாதப் படத்தில் 72 பேருக்கு நார் கூடத் தொடங்கியிருந்தது என்று 2023-இல் அறிவித்தனர். அதில் ஒப்பிட்டுப் பார்க்க வேறு பிரிவு இல்லை. இரத்தக் கட்டி உண்டானவர்களும் இருந்தனர். ஆகவே செய்தியைக் கேட்டு வீட்டில் தாமே கட்டிக்கொள்ளத் தக்கதன்று.

செலவைப் பற்றி ஒரு வார்த்தை. குழல் வழி நார் மாற்றும் சிகிச்சை இப்போது அரசு மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரிகளிலும் செய்யப்படுகிறது. 2012 முதல் நடந்துவரும் முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டத்தின் அட்டை உள்ளவர்கள், தமக்குச் சொல்லப்பட்ட சிகிச்சை அதன் பட்டியலில் உள்ளதா, திருகாணிக்கும் பொத்தானுக்கும் தனியே பணம் கட்ட வேண்டுமா என்பதை ஆஸ்பத்திரியின் காப்பீட்டுப் பிரிவில் சேருமுன்பே கேட்டு அறிந்துகொள்ள வேண்டும். பயிற்சி எங்கே, வாரத்திற்கு எத்தனை நாள் என்பதையும் அதே நாளில் கேட்டுக்கொள்க. பஸ் செலவும், துணைக்கு வருபவரின் ஒரு நாள் கூலியும், தறியில் மாற்று ஆள் அமர்த்த வேண்டிய வாரங்களும் சேர்ந்ததே மொத்தக் கணக்கு. நடவும் அறுவடையும் இல்லாத பருவத்தில், பண்டிகை விற்பனைக்குத் துணி முடிந்த பின்னர், ஆபரேஷன் தேதியை வைத்துக்கொள்ளலாமா என்று டாக்டரைக் கேட்பதில் தவறில்லை. கால் பூட்டிக்கொள்ளாமலும் அடிக்கடி நழுவாமலும் இருந்தால், பெரும்பாலான டாக்டர்கள் சில வாரம் தள்ளிவைக்க இசைவர்.